தண்ணீருக்குள் சிலை எதற்கு?

மேட்டூர் அணையில் நீர் குறைந்தால் பண்ணவாடி பக்கம் நந்தி சிலையும் பழைய தேவாலயக் கோபுரமும் தலை காட்டும். சேலத்துக்காரர்களுக்கு இது புதிதில்லை. 1934-ல் கட்டி முடித்த அணையில் மூழ்கிய ஊர்களின் மிச்சம் அவை. கலைக்காக யாரும் மூழ்கடிக்கவில்லை.

இப்போது வேண்டுமென்றே கடலுக்குள் சிலை வைக்கிறார்கள். பிரிட்டிஷ் சிற்பி ஜேசன் டிகேர்ஸ் டெய்லர் 2006-ல் கிரெனடா தீவில் தொடங்கினார். மெக்சிகோவின் கான்கூனில் ஏறத்தாழ 500 சிலைகள். 2020-ல் இலங்கைக் கடற்படையும் காலித் துறைமுகம் அருகே சிலைகளை இறக்கியது. சிமெண்டின் மேல் பாசியும் பவள உயிர்களும் ஒட்டி வளரும். இடுக்குகளில் மீன் குடியேறும். சுற்றுலாக் கூட்டமும் இயற்கைப் பவளப்பாறையை மிதிக்காமல் இந்தப் பக்கம் திரும்பும்.

நல்ல யோசனைதான். ஆனால் மீனுக்கு மூக்கும் முழியும் தேவையில்லை, பொந்து போதும். தூத்துக்குடி வான் தீவைப் பாருங்கள். அந்தப் பகுதியில் ஒரு காலத்தில் பவளப்பாறைகளைச் சுண்ணாம்புக்காக வெட்டி எடுத்தார்கள். தீவு கரைந்துகொண்டே வந்தது. பிறகு அரசு இறக்கியது வெறும் கான்கிரீட் கட்டிகளைத்தான். பார்க்க அழகில்லை. ஆனால் அலையின் வேகத்தைத் தடுத்தன, மீனும் வந்தது.

நம் கடலில் சிலைத் திட்டம் வந்தால் கேட்க வேண்டியது ஒன்றுதான்: செலவில் மீனுக்கு எவ்வளவு, போட்டோவுக்கு எவ்வளவு? உயிரோடு இருக்கும் பவளப்பாறையைக் காப்பதுதான் முதல் வேலை. சிலை அதற்குப் பிறகு வரட்டும்.