அசையாத முகம்

தொங்கு மீசை, படிய வாரிய தலை, சோர்ந்த கண்கள். சினிமா ஹீரோவுக்கு வேண்டிய எதுவும் அந்த முகத்தில் கிடையாது. ஆனால் பின்லாந்து நடிகர் மத்தி பெல்லோன்பா அதே முகத்தோடுதான் 1992-ல் ஐரோப்பாவின் சிறந்த நடிகருக்கான பெலிக்ஸ் விருதைத் தட்டிச் சென்றார்.

1951-ல் ஹெல்சிங்கியில் பிறந்தவர். பள்ளி வயதிலேயே வானொலி நாடகங்களில் குரல் கொடுத்தார். 1977-ல் நாடகப் பயிற்சியை முடித்தார். அவரை உலகுக்குக் காட்டியவர் டைரக்டர் அகி கவுரிஸ்மாகி. 'ஷேடோஸ் இன் பாரடைஸ்' (1986) படத்தில் குப்பை லாரித் தொழிலாளி. 'ஏரியல்' (1988) படத்தில் சிறைக் கைதி. 'லெனின்கிராட் கவ்பாய்ஸ்' (1989) படத்தில் ஒரு மட்டமான இசைக் குழுவின் தந்திரக்கார மேனேஜர். விருது வாங்கித் தந்த 'லா வி டி போயம்' படத்தில், பாரிஸில் தங்க அனுமதியோ வாடகைக்குப் பணமோ இல்லாத அல்பேனிய ஓவியர்.

எல்லோருமே வாழ்க்கையில் தோற்றவர்கள். யாருமே அழுது புலம்புவதில்லை. நடிகர்கள் உணர்ச்சியைக் கொட்டுவது கவுரிஸ்மாகிக்கு ஆகாது. பெல்லோன்பாவுக்கு அது வசதியாகப் போயிற்று. அவர் காட்டாமல் விட்டதை ரசிகர்கள் தாங்களே உணர்ந்துகொண்டார்கள்.

இதற்குச் சிறந்த உதாரணம் ஜிம் ஜார்முஷின் 'நைட் ஆன் எர்த்' (1991). பனி மூடிய ஹெல்சிங்கியில் விடியும் நேரம். போதையில் மூன்று பேர் டாக்சியில் ஏறுகிறார்கள். ஒருவர் மயங்கிக் கிடக்க, அவருக்கு வேலை போன சோகத்தை மற்ற இருவரும் அடுக்குகிறார்கள். இதைவிடக் கொடுமையும் உண்டு என்கிறார் டிரைவர் பெல்லோன்பா. குறைமாதத்தில் பிறந்த தன் மகளைப் பற்றிச் சொல்கிறார். பிழைக்காது என்று டாக்டர்கள் சொன்னதால் அவரும் மனைவியும் அந்தக் குழந்தையிடம் பாசம் வைக்கப் பயந்தார்கள். கடைசியில் துணிந்து பாசம் வைத்தபோது குழந்தை இறந்துவிட்டது. குடிகாரர்கள் தேம்பித் தேம்பி அழுகிறார்கள். சொன்னவர் முகத்தில் சலனமே இல்லை.

1995 ஜூலையில் மாரடைப்பு அவரைக் கொண்டுபோனது. வயது 44. அப்போது கவுரிஸ்மாகி, பின்லாந்தை வாட்டிய வேலையில்லாத் திண்டாட்டம் பற்றிய படத்தில் இறங்கியிருந்தார். பெல்லோன்பாவை மனதில் வைத்தே அதன் முக்கியப் பாத்திரம் உருவாகியிருந்தது. அந்த இடத்தில் இன்னொரு நடிகரைப் போட டைரக்டருக்கு மனம் வரவில்லை. பாத்திரத்தைப் பெண்ணாக மாற்றி, பெல்லோன்பாவின் பழைய ஜோடி காத்தி அவுத்தினெனிடம் கொடுத்தார். 1996-ல் வெளியான 'டிரிஃப்டிங் கிளவுட்ஸ்' பெல்லோன்பாவின் நினைவுக்கே சமர்ப்பிக்கப்பட்டது.

அந்தப் படத்தில், வேலை இழந்த கதாநாயகி தன் வீட்டிலுள்ள ஒரு சிறுவனின் போட்டோவைப் பார்க்கிறாள். கதைப்படி அது அவள் பறிகொடுத்த குழந்தை. உண்மையில் அது சிறுவயது பெல்லோன்பா. அந்தப் படத்திலும் அவர் இருக்கிறார், வழக்கம்போல முகத்தில் சலனமில்லாமல்.