ஒரு 'ழ' எழுத்தும் சேர் அருணாசலமும்

வில்கமுவவில் தமிழ் பேசும் வீடுகள் சிலதான். அங்கே ஹெட்டிப்பொல கடைத்தெருவில் போட்டோக்கொப்பி மிஷின் ஒன்று வைத்து, வருகிறவர்களுக்குப் படிவம் நிரப்பிக் கொடுப்பது என் தொழில். போன மாதம் ஓர் அம்மா வந்தார். மாத்தளைப் பக்கத் தோட்டம் ஒன்றில் கொழுந்து பறித்தவர். மகள் வீட்டோடு இங்கே வந்துவிட்டார். பொலித்தீன் பையிலிருந்து பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தை எடுத்து மேசையில் வைத்தார்.

"தம்பி, இதுல ஒரு பேரு, ஐடென்டிகார்டுல ஒரு பேராம். ஈ.பி.எப். காசு குடுக்க மாட்டேங்கிறாங்க."

பத்திரம் சிங்களத்தில் இருந்தது. அவர் பெயரின் நடுவில் ஒரு ழானா உண்டு. சிங்களத்தில் அந்த எழுத்து இல்லை. பதிந்தவர் 'ல' போட்டிருக்கிறார். அடையாள அட்டைக்கு எழுதியவர் 'ய' போட்டிருக்கிறார். நாற்பது வருட உழைப்பின் சேமலாப நிதி அந்த ஓர் எழுத்தில் சிக்கிக் கிடக்கிறது.

இப்படி ஒரு பத்திரத்தைக் கையில் எடுக்கும்போதெல்லாம் எனக்கு சேர் பொன்னம்பலம் அருணாசலம் நினைவுக்கு வருகிறார். அவரை நாம் அரசியல்வாதியாகவே பாடப் புத்தகத்தில் படித்தோம்: 1919இல் இலங்கைத் தேசிய காங்கிரசின் முதல் தலைவர், இரண்டு வருடத்தில் மனம் கசந்து விலகியவர். என்னைக் கேட்டால், அதற்கு முன் அவர் செய்த உத்தியோகம்தான் பெரிது.

1853இல் கொழும்பில் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் படித்து, 1875இல் போட்டிப் பரீட்சை எழுதி சிவில் சேவையில் நுழைந்த முதல் இலங்கையர். சட்டம் படித்தவர், பல ஊர்களில் நீதவானாகவும் நீதிபதியாகவும் இருந்தவர். அருணாசலத்துக்குக் கிடைத்தது பதிவாளர் நாயகம் பதவி. பிறப்பு, இறப்பு, விவாகம், காணி உறுதி எல்லாம் தூசியில் குவிந்து கிடக்கும் இலாகா. அதை அவர் சிறிதாக நினைக்கவில்லை. பதிவுகளை ஒழுங்குபடுத்தினார். 1901 குடிசன மதிப்பீட்டையும் அவரே நடத்தினார். சுமார் 35 லட்சத்து 66 ஆயிரம் பேர் எண்ணப்பட்டார்கள். ஏட்டில் பெயர் இல்லாத ஏழைக்குச் சட்டம் இல்லை என்பது, நீதிமன்றத்தில் உட்கார்ந்தவருக்குத் தெரியாமல் இருக்குமா?

பதிவேட்டோடு அவர் நின்றுவிடவில்லை. எங்கள் தாத்தாவின் அப்பா காலத்தில் தோட்டங்களில் 'துண்டு' என்று ஒன்று இருந்தது. தோட்டத்தை விட்டுப் போக நினைக்கும் தொழிலாளியின் கடன் இவ்வளவு, கட்டினால் விடுவிப்போம் என்று எழுதிய சீட்டு. கடனைக் கட்டுகிற தோட்டத்துக்கு ஆள் போவான். கடன் அவன் தலையிலேயே இருக்கும். முன்னறிவித்தல் கொடுக்காமல் போனால் 1865ஆம் ஆண்டுச் சட்டப்படி மறியல்தான். ஓய்வுபெற்ற பிறகு, அறுபது வயதைத் தாண்டி, 1919இல் தொழிலாளர் நலனுக்கென்றே ஒரு சங்கம் அமைத்து இதை எதிர்த்தவர் அருணாசலம். 1921இல் துண்டு முறை ஒழிந்தது. தோட்டத்தில் பிறக்காத, கொழும்புச் செல்வந்தர் வீட்டுப் பிள்ளை அவர். அந்தக் கடனை நாங்கள் மறக்கக் கூடாது.

அவர் இருந்த இலாகாவின் படிவங்களில்தான் இன்று எங்கள் பெயர்கள் சிதைகின்றன. தமிழும் அரசகரும மொழி என்று 1987இல் அரசியலமைப்பில் எழுதியாயிற்று. ஆனாலும் அந்த அம்மா ஓர் அலுவலகத்துக்கு மூன்று முறை போனார். தமிழ் தெரிந்தவர் இல்லை, அடுத்த கிழமை வாருங்கள் என்றே மூன்று முறையும் பதில். ஒரு நாள் பயணத்துக்கு ஒரு நாள் கூலி போகும்.

தமிழர் குறைவாக உள்ள பிரதேசங்களுக்குத்தான் தமிழ் தெரிந்த பதிவு உத்தியோகத்தர் முதலில் வேண்டும். யாழ்ப்பாணத்தில் பெயர் பிழைத்தால் கண்டுபிடிக்க நூறு பேர் உண்டு. இங்கே யாரும் இல்லை. நிரந்தரமாக ஆள் போட முடியாவிட்டால், மாதத்தில் இரண்டு நாளாவது ஒருவரை அனுப்பட்டும்.

பிள்ளை பிறந்த வீட்டாருக்கு ஒரு வார்த்தை. பதிவுக்குப் போகும்போது பெயரைத் தமிழில் தெளிவாக ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள். கொடுத்த பத்திரத்தை அங்கேயே நின்று, எழுத்து எழுத்தாக வாசித்துப் பாருங்கள். வாசிக்கத் தெரியாவிட்டால் தெரிந்த ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள்.