திரை இருண்டால் அறிவும் இருள வேண்டுமா?

பாராடாங் தீவுக்குச் செல்வோர் முதலில் காத்திருக்கக் கற்றுக்கொள்கிறார்கள். போர்ட் பிளேர் என்று நாம் அழைத்துவந்த நகரத்திலிருந்து (2024-இல் அதற்கு ஸ்ரீ விஜயபுரம் எனப் பெயர் மாற்றினர்) வடக்கே ஏறத்தாழ 100 கிலோமீட்டர் தொலைவு. ஜாரவா மக்களின் காப்புக் காட்டினூடே ஊர்திகள் விரும்பிய நேரத்தில் தனித்துச் செல்ல முடியாது. குறித்த வேளையில், அணிவகுத்து, காவல் துணையோடுதான் செல்ல வேண்டும். காட்டைக் கடந்தால் நீரிணை குறுக்கிடும். அதையும் படகேறிக் கடந்த பின்னரே தீவு. சேற்று எரிமலையும் சுண்ணாம்புக் குகையும் காண வருவோர் மாலைக்குள் திரும்பிவிடுவர். அங்கேயே வாழ்வோருக்கு வேண்டிய பொருள்களில் பெரும்பாலானவை இவ்வழியேதான் வந்து சேர வேண்டும். ஒன்று பழுதுபட்டால், "போகட்டும், வேறொன்று வாங்கிக்கொள்" என்று சொல்ல எளிதில் நா எழாத ஊர் அது. என் ஊர்.

2019-ஆம் ஆண்டுக் கோடை விடுமுறையில் அங்கே நடந்த ஒரு சிறு நிகழ்ச்சியை இங்கே சொல்ல விரும்புகிறேன். சிறு நிகழ்ச்சிதான்; ஆனால் என் எண்ணத்தை மாற்றிய நிகழ்ச்சி.

என் சித்தப்பா மகனிடம் பழைய கணினி ஒன்று இருந்தது. பின்புறம் பருத்த, கண்ணாடிக் குழாய்த் திரை. நகரத்திலிருந்த நண்பன் ஒருவன், தன் வீட்டில் வைத்து ஆடிய பழைய விளையாட்டு ஒன்றைக் கோப்புறையோடு பென்டிரைவில் போட்டுக் கொடுத்திருந்தான். தம்பி ஆவலோடு அதைத் திறந்தான். இசை முழங்கியது, படம் வரவில்லை. கறுத்த திரையின் நடுவே "அவுட் ஆஃப் ரேஞ்ச்" என்று ஒரு வாசகம் மட்டும் மிதந்தது.

"அண்ணா, சத்தம் கேட்கிறது, படம் தெரியவில்லையே! திரை போய்விட்டதா?" என்றான்.

திரை போகவில்லை. நண்பன் வீட்டில் இருந்தது 1920 × 1080 அளவுள்ள புதிய தட்டைத் திரை. அவன் வைத்த அளவு கோப்புறைக்குள்ளேயே பதிந்து, விளையாட்டோடு சேர்ந்து கடலையும் கடந்து வந்துவிட்டது. எங்கள் பழைய திரை 1024 × 768-க்கு மேல் தாங்காது. மெனுவைத் திறந்து அளவைக் குறைத்தால் போதும். ஆனால் மெனு தெரிய வேண்டுமானால் படம் தெரிய வேண்டும். படம் தெரிய வேண்டுமானால் மெனுவில் மாற்ற வேண்டும்! சாவியை உள்ளே வைத்துக் கதவைப் பூட்டிக்கொண்டவன் கதை.

இணையத்தில் தேடலாமே என்பீர்கள். சென்னையிலிருந்து கடலடியில் ஏறத்தாழ 2,300 கிலோமீட்டர் நீளத்துக்கு ஒளியிழை வடம் போடப்பட்டுத் தீவுகள் இணைக்கப்பட்டது 2020-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 10-ஆம் நாள்தான். அதற்கு முன்பு செயற்கைக்கோள் தந்த சிறு ஊற்றை எல்லாத் தீவுகளும் பங்கிட்டுக்கொண்டன. கேட்க ஆளில்லை, தேட இணையமில்லை. வேறு வழியின்றி அந்தக் கோப்புறையைத் திறந்து, உள்ளே என்னதான் இருக்கிறது என்று ஒவ்வொன்றாகப் பார்த்தேன். ஐ.என்.ஐ. என்று முடியும் கோப்பு ஒன்று கண்ணில் பட்டது. நோட்பேடில் திறந்தேன். வரிவரியாக எழுத்துகள். அவற்றுக்கிடையே 1920 என்று ஒரு வரி. அதன்கீழே 1080 என்று ஒரு வரி. முன்னதை 1024 என்றும் பின்னதை 768 என்றும் திருத்திச் சேமித்தேன். விளையாட்டைத் திறந்தோம். திரை விடிந்தது!

அன்று வரை கணினி என்பது எனக்குப் பொத்தான்களின் கூட்டம். மெனு காட்டியதைச் செய்வேன். காட்டாததைச் செய்ய முடியாது என்று நம்புவேன். அன்றுதான் மெனு என்பது முகப்பு மட்டுமே, வீடு அதற்குப் பின்னால் இருக்கிறது என்று அறிந்தேன்.

திரை ஏன் இருண்டது என்பதை நண்பர்கள் அறிந்துகொள்வது நல்லது. குழாய்த் திரை படத்தை வரிவரியாக வரைகிறது. 1024 × 768 அளவுள்ள படத்தை விநாடிக்கு 60 முறை வரைய வேண்டுமானால், இடைவெளி வரிகளும் சேர்த்து விநாடிக்கு ஏறத்தாழ 48,000 வரிகள் ஓட வேண்டும். 1920 × 1080 என்றால் ஏறத்தாழ 67,000 வரிகள். அவ்வளவு வேகம் அந்தத் திரையின் ஆற்றலுக்கு அப்பாற்பட்டது. ஆகவே அது வரைய மறுத்தது. புள்ளிக் கணக்கில் பார்த்தாலும் 7,86,432 புள்ளிகள் எங்கே, 20,73,600 புள்ளிகள் எங்கே! குறை திரையிலும் இல்லை, கணினியிலும் இல்லை. ஒருவர் திரைக்குத் தைத்த சட்டையை மற்றொருவர் திரைக்கு மாட்டியதே குறை.

பழைய விளையாட்டுகள் பல இந்த மாற்றத்துக்கு வாயில் வைத்திருக்கின்றன. 1999-இல் வந்த அன்ரியல் டோர்னமென்ட் தன் திரையளவைத் தன் பெயர் தாங்கிய ஐ.என்.ஐ. கோப்பில் எழுதிவைக்கிறது, ஃபுல்ஸ்கிரீன் வியூபோர்ட் எக்ஸ், ஒய் என்னும் இரு வரிகளைத் திருத்தினால் போதும். அதே ஆண்டில் வந்த குவேக் 3 அரீனா தன் அமைப்புக் கோப்பில் ஆர்-மோட் என்னும் இடத்தில் –1 என்று இட்டால், நாம் தனியே எழுதும் அகலத்தையும் உயரத்தையும் ஏற்றுக்கொள்கிறது. 1998-இன் ஹாஃப்-லைஃபும் அதன் வழிவந்த கவுன்டர்-ஸ்டிரைக்கும் இன்னும் எளியவை. விளையாட்டைத் திறக்கும் குறுக்குவழிப் படத்தின் பண்புகளில், கட்டளை வரியின் இறுதியில், ஒரு சிறுகோடும் டபிள்யூ என்னும் எழுத்தும் இட்டு அகலத்தையும், மீண்டும் ஒரு சிறுகோடும் எச் என்னும் எழுத்தும் இட்டு உயரத்தையும் எழுதினால், விளையாட்டு அந்த அளவிலேயே எழும். நம் இளைஞர் பலர் ஆடிக் களித்த ஜி.டி.ஏ. வைஸ் சிட்டி தன் அமைப்புகளை எழுத்தாக வைக்கவில்லை. ஆவணக் கோப்புறையில் உள்ள அதன் செட் என்று முடியும் கோப்பை அகற்றிவிட்டால், அது பழைய நினைவை மறந்து தொடக்க அளவில் மீண்டும் எழும். விசை அமைப்புகளும் அதனோடு போய்விடும். ஆனால் சேமித்த ஆட்டம் தனிக் கோப்பில் இருப்பதால் அழியாது. டாஸ் காலத்து விளையாட்டுகளை ஆடுவோர்க்கு டாஸ்பாக்ஸின் அமைப்புக் கோப்பு இருக்கிறது.

மூன்று எச்சரிக்கைகளும் சொல்ல வேண்டும். முதலாவது: திருத்துமுன் கோப்பைப் படியெடுத்து வேறிடத்தில் வையுங்கள். இரண்டாவது: விளையாட்டை மூடிவிட்டுத் திருத்துங்கள். பல விளையாட்டுகள் மூடும்போது தம் அமைப்பை மீண்டும் எழுதும். நீங்கள் எழுதியது அழிந்துபோகும். மூன்றாவது: விஸ்டாவுக்குப் பின் வந்த விண்டோஸில், புரோகிராம் ஃபைல்ஸ் கோப்புறைக்குள் பழைய விளையாட்டு எழுத முயன்றால், விண்டோஸ் அதை வெர்ச்சுவல் ஸ்டோர் என்னும் மறைவிடத்துக்குத் திருப்பிவிடுவதுண்டு. நீங்கள் ஒரு கோப்பைத் திருத்துவீர்கள். விளையாட்டோ வேறொரு படியைப் படிக்கும். "திருத்தியும் பயனில்லை" என்று சோர்ந்தவர் பலர் விழுந்த குழி இது. பழைய விளையாட்டைத் தனிக் கோப்புறையில் வைத்தால் இத்தொல்லை இல்லை.

"தேர்வு நெருங்குகிறது, நாட்டில் எத்தனையோ சிக்கல், மாணவர் இதழில் விளையாட்டுக்கா இத்தனை பக்கம்?" என்று சில நண்பர்கள் கேட்கக்கூடும். நேர்மையான கேள்வி. விளையாட்டு எனக்குப் பெரிதன்று. ஆனால் விளையாட்டில் பழகும் பழக்கம் வாழ்க்கையிலும் தொடரும் என்று அஞ்சுகிறேன். திரையில் பொத்தான் இல்லையென்றால் வழியே இல்லை என்று நம்பும் மாணவன், நாளை அலுவலகத்தில் படிவத்தில் கட்டம் இல்லையென்றால் உரிமையே இல்லை என்று நம்பமாட்டானா? காட்டப்பட்டதே உலகம் என்று இருப்பவன் கற்றவன் ஆவானா?

மற்றொரு கட்சியும் உண்டு. "பயன்படுத்துவோர் உள்ளே கைவைத்தால் கெடுத்துவிடுவர், எல்லாவற்றையும் பூட்டிவைப்பதே நலம்" என்பது அவர்கள் வாதம். இதில் ஓரளவு உண்மை இருக்கிறது. பலர் கூடி இணையத்தில் ஆடும் போட்டியில் ஒருவன் மட்டும் அகன்ற காட்சியைப் பெற்று மற்றவரை வெல்வது முறையன்று. ஊர்பேர் தெரியாதவர் தரும் "திருத்தும் நிரலை" இறக்கி ஓட்டுவது தீங்கை விலைக்கு வாங்குவது. ஆனால் நான் சொல்வது வேறு. தன் வீட்டில், தன் கணினியில், தன் திரைக்கு ஏற்ப, கண்ணால் படிக்கத்தக்க இரண்டு எண்களை மாற்றுவது குற்றமா? தன் கண்ணுக்கு ஏற்ற மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொள்வது குற்றமானால் இதுவும் குற்றமே!

கெடுத்துவிடுவார்கள் என்று அஞ்சுவோர்க்கு விண்டோஸே விடை சொல்கிறது. அதில் திரையளவை மாற்றிப் பாருங்கள். "இம்மாற்றத்தை வைத்துக்கொள்ளலாமா?" என்று கேட்கும். 15 விநாடிக்குள் விடை இல்லையென்றால், இவனுக்குத் திரை தெரியவில்லை போலும் என்று தானே உணர்ந்து பழைய அளவுக்குத் திரும்பிவிடும். எவ்வளவு எளிய பரிவு! பயனர் தவறு செய்வார் என்பதை அறிந்து, அவரைத் தண்டியாமல், திரும்பிவர வழி வைத்திருக்கிறது. பூட்டு அறியாமையை வளர்க்கும். திரும்பும் வழி துணிவை வளர்க்கும். நாளை நிரல் எழுதப்போகும் நண்பர்கள் இதை நெஞ்சில் எழுதிக்கொள்ள வேண்டும்.

இன்னொன்றும் காண்க. பழைய விளையாட்டுகள் இன்றும் ஓடுவதற்குக் காரணம் அவை பெரும்பாலும் நம் கையில் இருக்கும் கோப்புகள் என்பதே. டூம் விளையாட்டின் மூல நிரலை 1997-லும், குவேக் 3-இன் மூல நிரலை 2005-லும் ஆக்கியோரே உலகுக்குத் திறந்துவிட்டனர். அவை கண்டிராத புதிய திரைகளிலும் இன்று ஓடுகின்றன. மாறாக, 2014-இல் வெளிவந்த தி க்ரூ என்னும் கார்ப் பந்தய விளையாட்டு நிறுவனத்தின் வழங்கியை நம்பியே இயங்கியது. 2024-இல் வழங்கியை நிறுத்தினர். விலை கொடுத்து வாங்கியவர் கையிலிருந்த குறுந்தட்டு வெறும் தட்டாயிற்று. ஐரோப்பாவில் பத்து இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இப்போக்குக்கு எதிராகக் கையொப்பமிட்டது வீண் ஆரவாரமா? வாங்கிய பொருள் நமதா, வாடகைக்குத் தரப்பட்டதா என்னும் கேள்வி அது. வடம் வந்த பின்னும் இணையம் அறுபடக்கூடிய தீவில் வாழ்வோர்க்கு அக்கேள்வி பொழுதுபோக்கன்று.

நம் பங்குக்கு நாம் என்ன செய்யலாம்? என் தம்பி அந்தக் கோப்பைத் திறந்திருக்கலாம். ஏன் திறக்கவில்லை என்று பின்னர் கேட்டேன். "எல்லாம் இங்கிலீஷில் இருந்தது, அண்ணா. தொட்டால் கெட்டுவிடும் என்று பயந்தேன்" என்றான். அவனிடம் அறிவு குறையவில்லை, "தொடு, கெடாது, கெட்டால் இப்படி மீட்டுக்கொள்" என்று தமிழில் சொல்ல ஒருவர் இல்லாததே குறை. திரையளவு முதல் அச்சுப்பொறி வரை, நாள்தோறும் நாம் தட்டுத்தடுமாறிக் கற்றதை ஒவ்வொருவரும் ஒரு பக்கத்தில் எளிய தமிழில் எழுதுவோம். நம் மன்றம் அவற்றைத் தொகுக்கட்டும். விடுமுறைக்கு ஊர் செல்லும் நண்பர் ஒவ்வொருவர் கையிலும் அச்சிட்ட படி ஒன்று செல்லட்டும். இணையம் இல்லாத ஊரிலும் தாள் பேசும். முதற்பக்கத்தை நான் எழுதித் தருகிறேன்.

தம்பியின் அந்தக் கணினி இப்போது இல்லை. ஆனால் சென்ற விடுமுறையில் அவன் வீட்டுக்குப் போனபோது, பக்கத்து வீட்டுச் சிறுவன் ஒருவன் மடிக்கணினியோடு வந்து, "படம் ஓரத்தில் வெட்டுப்படுகிறது" என்றான். தம்பி என்னை அழைக்கவில்லை. கோப்புறையைத் திறந்தான், முதலில் கோப்பைப் படியெடுத்து வைத்தான், பிறகு அச்சிறுவனைப் பக்கத்தில் அமர்த்தி, "இந்த வரியைப் படி, என்ன எண் இருக்கிறது?" என்று கேட்டான்.