சோபா போட்ட மேடை

மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் சபா நாடகங்கள் கொடிகட்டிப் பறந்த காலத்தில், திரை விலகினால் பெரும்பாலும் தெரிவது ஒரு நடுத்தரக் குடும்பத்தின் கூடம்தான். நடுவில் சோபா, ஓரத்தில் டெலிபோன், சுவரில் காலண்டர். எதிரே உட்கார்ந்திருந்தவர்களின் வீடும் ஏறக்குறைய அப்படித்தான் இருந்தது. வேலைக்காரர் அந்தக் கூடத்துக்குள் வருவார், சிரிக்க வைப்பார், போய்விடுவார். அவருடைய வீடு எப்படியிருக்கும் என்று மேடை காட்டியது அபூர்வம்.

இதற்கு ஒரு காரணம் உண்டு. சபாக்கள் உறுப்பினர் சந்தாவில் நடந்தன. செயலாளர் தேதி கொடுத்தால்தான் குழுவுக்கு மேடை. எழுதியவர்கள், நடித்தவர்கள் பலரும் பகலில் ஆபீஸ் போனவர்கள். ஏஜீஸ் ஆபீசில் வேலை பார்த்துக்கொண்டே நாடகம் போட்டவர் கே. பாலசந்தர். 1964இல் படமான ‘சர்வர் சுந்தரம்’ அவருடைய நாடகம்தான். ஓட்டல் சர்வரைக் கதாநாயகனாக்கிய அந்தத் துணிச்சலை இன்றும் மதிக்கிறேன்.

ஆனாலும் சபா ரசிகர்களுக்குச் சிரிப்பு மட்டும் போதும் என்ற பேச்சு நிலைத்துவிட்டது. அதை நான் ஏற்கவில்லை. 1980இல் கோமல் சுவாமிநாதன் ‘தண்ணீர் தண்ணீர்’ நாடகத்தை மேடையேற்றினார். சோபா இருந்த இடத்தில் அத்திப்பட்டி என்ற வறண்ட கிராமம். மாட்டுவண்டியில் தண்ணீர் கொண்டுவரும் வெள்ளைச்சாமி. ஊரே கூடிக் கால்வாய் வெட்டப் போனால், குறுக்கே நிற்கிறது அரசாங்கம். குடமும் கையுமாக நின்ற அந்த மக்களை அதே சபாக்காரர்கள் மனம் கலங்கிப் பார்த்தார்கள். அடுத்த ஆண்டே பாலசந்தர் அதைப் படமாக்கினார்; தேசிய விருதும் வந்தது.

ஆக, குறை ரசிகரிடம் இல்லை. அவரை நம்பிப் பெரிய விஷயங்களைக் கொடுக்கத் துணிந்தவர்கள்தான் குறைவு.

1975 ஆகஸ்ட் 15இல் சென்னைத் தொலைக்காட்சி வந்தது, 1993இல் சன் டிவி. மாலை வேளைகளில் சபா நாற்காலிகள் காலியாகத் தொடங்கின. மேடையிலிருந்த கூடம் அப்படியே சீரியலுக்குக் குடிபெயர்ந்தது. சோபா மட்டும் பெரிதானது. இப்போதும் “ஜனங்கள் இதைத்தான் கேட்கிறார்கள்” என்கிறார்கள். அத்திப்பட்டியை எந்த ரசிகரும் கேட்டு வாங்கவில்லை. கோமல் எழுதினார், வந்து பார்த்தார்கள்.