வாயிலில் நில்லாத கலைஞர்

எத்தியோப்பிய நாட்டுக் கோண்டர் நகரில் 1946-இல் பிறந்தவர் ஐலே கெரிமா. சிறுவராயிருக்கையில் அங்கு வந்த அமெரிக்கத் திரைப்படங்களைக் கண்டு களித்தவர். திரையில் டார்சன் தோன்றுவான். அவனைப் பின்புறமிருந்து ஆப்பிரிக்கர் நெருங்குவர். அரங்கில் அமர்ந்திருந்த கறுப்புச் சிறுவர்களோ டார்சனைக் காக்கக் கூக்குரலிடுவர்! இதனை அவரே பின்னாளில் கூறியுள்ளார். தன்னினத்தார்க்கு எதிராகத் தன் வாயையே கூவச் செய்யும் ஆற்றல் படைக்கருவிக்கு இல்லை. பிறன் எழுதிய கதைக்கு உண்டு.

தந்தையார் நாடகம் எழுதி ஊரூராக நடத்தியவர். மகன் 1967-இல் நடிப்புப் பயிலச் சிக்காகோ சென்றார். பின்னர் லாசு ஏஞ்சலிசிலுள்ள கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் திரைக்கலை பயின்றார். அங்கு 'புசு மாமா' படத்தை எடுக்கையில், கருவியோடு தெருவில் நின்ற கறுப்பினத்தாரைக் காவலர் மறித்து உசாவினர். அக்காட்சியே படத்தின் தொடக்கமாயிற்று. 1974-இல், மன்னராட்சி சரிந்துகொண்டிருந்த தம் தாய்நாட்டுக்குச் சென்று, இரண்டே கிழமைகளில் 'அறுவடை: மூவாயிரம் ஆண்டுகள்' என்னும் படத்தை எடுத்தார். உழவர் தம் அம்காரிய மொழியிலேயே பேசும் படம் அது.

1975-இல் வாசிங்டன் நகரின் ஔவர்டு பல்கலைக்கழகத்தில் ஆசிரியப் பணி ஏற்றார். கறுப்பின மக்களுக்கென 1867-இல் தோன்றியது அக்கல்வி நிலையம். பல பத்தாண்டுகள் திரைக்கதை எழுதவும் படம் இயக்கவும் அங்குக் கற்பித்தார். பேச்சில் ஒவ்வோர் இனத்துக்கும் தனி ஒலிப்பு இருப்பதுபோல் கதைக்கும் உண்டு என்பதும், அதனை மாணாக்கர் இழக்கலாகாது என்பதும் அவர் வற்புறுத்திய கொள்கை. 2017-இல் ஒளிப்பதிவுக்கான ஆசுக்கார் பரிந்துரை பெற்ற பிராட்போர்டு யங் அவரிடம் பயின்றவரே. படமெடுப்போன் பிழைப்புக்காக ஆசிரியனானான் என்று இதனைச் சிலர் இரங்கலாம். இரங்க வேண்டுவதில்லை. மாத ஊதியம் வேறிடத்து வந்தமையாலன்றோ, எந்த முதலாளிக்காகவும் ஒரு காட்சியையேனும் அவர் மாற்ற வேண்டாதாயிற்று!

அடிமை வாழ்வைக் காட்டிய 'சங்கோபா' 1993-இல் பெர்லின் திரைவிழாவின் போட்டியில் இடம்பெற்றது. அமெரிக்காவில் அதனை வெளியிட ஒரு நிறுவனமும் முன்வரவில்லை. அடிமைகள் கிளர்ந்தெழும் படம் விலைபோகாது என்றனர் போலும்! கெரிமாவும் அவர் மனைவியார் சிரிக்கியானா ஐனாவும் அவர்கள் வாயிலில் காத்து நிற்கவில்லை. வாசிங்டனில் தாமே அரங்கொன்றை வாடகைக்கு எடுத்துப் படத்தை ஓட்டினர். மக்கள் திரண்டு வந்தனர். பிற நகரங்களிலும் கறுப்பின மக்கள் குழுக்கள் தம் கைப்பணம் போட்டு அரங்கு பிடித்தன. அவ்வருவாயின் துணையால் பல்கலைக்கழகத்துக்கு எதிரிலேயே சங்கோபா என்னும் பெயரில் நூற்கடையும் தோன்றியது.

அவர் படங்களுள் பல ஆங்கிலம் பேசுவன என்று மொழிப்பற்றாளர் குறை கூறக்கூடும். அக்குறையை யார்மேல் சாற்றுவது? கப்பலில் ஏற்றப்பட்டவரின் தாய்மொழிகளைத் தோட்ட முதலாளிகள் பிடுங்கிய பின் அவர்தம் வழியினர்க்கு எஞ்சியது ஆங்கிலம் ஒன்றே. அம்மக்களின் கதையை வேறெம்மொழியில் சொல்வது? ஆயினும் தலைப்பினை அவர் ஆங்கிலத்தில் இடவில்லை என்பதை நோக்குக. சங்கோபா என்பது மேலை ஆப்பிரிக்க அகான் மொழிச்சொல். 'திரும்பிச் சென்று எடு' என்பது பொருள். இழந்த மொழிகளுள் ஒன்றிலிருந்து ஒரு சொல்லையேனும் மீட்டு, வாசிங்டன் தெருவில் பெயர்ப்பலகையாக ஏற்றிவிட்டார்.

2008-இல் 'தேசா' என்னும் படத்துக்கு வெனிசு விழா சிறந்த திரைக்கதைப் பரிசையும் நடுவர் சிறப்புப் பரிசையும் அளித்தது. எழுதக் கற்பித்தவர் எழுத்துக்கே பரிசு பெற்றார். அமெரிக்கத் திரையுலகோ 2021-இல்தான் விழித்தது. அவ்வாண்டு ஆசுக்கார் அருங்காட்சியகம் அவருக்கு விருதளித்தது. ஏவா துவெர்னே என்னும் கறுப்பினப் பெண் இயக்குநரின் நிறுவனம் சங்கோபாவைப் புதுப்பித்து நெட்பிளிக்சு வழியே வெளியிட்டது. படம் வந்து இருபத்தெட்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. கெரிமாவுக்கு அகவை எழுபத்தைந்து.