புறாத்தீவும் நமது பொறுப்பும்

தான் கற்பித்த பொருளின்மீதே ஏறி நின்ற ஓர் ஆசிரியரின் கதையை முதலிற் சொல்லிவிடுகிறேன். அவர் வேறு யாருமல்லர். இக்கட்டுரையை எழுதும் நானே.

இருபத்தெட்டு ஆண்டுகள் பாடசாலைகளில் விஞ்ஞானம் கற்பித்து ஓய்வு பெற்றவன் நான். முருகைக்கல் என்று நாம் வழங்குவது உண்மையிற் கல்லன்று, உயிர்களின் குடியிருப்பு என்பதைக் கரும்பலகையிலே படம் வரைந்து எத்தனையோ வகுப்புகளுக்கு விளக்கியிருக்கிறேன். ஆயினும் உயிருள்ள முருகையை என் கண்ணாற் கண்டதில்லை. வவுனியாவிலே குளக்கரையருகே பிறந்தும் நீந்தக் கற்றவனல்லன். கடல் எனக்குக் கரையிலிருந்து பார்க்கும் காட்சியாகவே இருந்து வந்தது. சென்ற ஆடி மாதம் உறவினர் சிலருடன் திருகோணமலைக்குப் போயிருந்தபோது, புறாத்தீவுக்கு வள்ளமேறிச் சென்று ஒரு பகற்பொழுதைக் கழித்து வரும் வாய்ப்புக் கிடைத்தது.

நிலாவெளிக் கரையிலிருந்து ஏறக்குறைய ஒரு கிலோமீற்றர் தொலைவில் உள்ளது புறாத்தீவு. புறாமலை என்றும் அதனை அழைப்பர். பெரிதும் சிறிதுமாக இரண்டு தீவுகள். பாறைப் பிளவுகளிலே கூடுகட்டி வாழும் மாடப்புறாக்களால் வந்த பெயர் அது. அந்நியர் ஆட்சிக் காலத்தில் இத்தீவு துப்பாக்கிச் சுடுதற் பயிற்சிக்கு இலக்காக இருந்ததென்பர். 1963ஆம் ஆண்டில் அது சரணாலயமாக்கப்பட்டது. 2003ஆம் ஆண்டில், சூழவுள்ள கடற்பரப்பையும் உள்ளடக்கி, 471 ஹெக்டயர் பரப்புள்ள தேசியப் பூங்காவாகப் பிரகடனஞ் செய்யப்பட்டது. திருகோணமலைக் கடலிற் பதிவு செய்யப்பட்டுள்ள ஏறத்தாழ நூறு வகை முருகைகளுள்ளும் முந்நூறு வகை முருகைமீன்களுள்ளும் பலவற்றை அங்கே காணலாம். உல்லாசப் பிரயாணிகள் திரண்டு செல்வதன் காரணம் இதுவே.

நாங்கள் நுழைவுச்சீட்டுப் பெற்று, உயிர்காப்பு அங்கி அணிந்து, இயந்திரம் பூட்டிய வள்ளத்தில் ஏறினோம். கால்மணி நேரத்துக்குள் தீவை அடைந்துவிட்டோம். கரையிலே காலடியில் நொறுங்கியவை மணலைவிட முருகைத் துண்டுகளே அதிகம். வெயிலிற் காய்ந்து எலும்புபோல் வெளுத்துக் கிடந்தன. எங்களுக்கு வழிகாட்டியாக வந்த இளைஞர் இறக்கக்கண்டியைச் சேர்ந்தவர். முகமூடியையும் மூச்சுக்குழலையும் எப்படி அணிவதென்று காட்டித்தந்து, என் கையைப் பிடித்து நீருக்குள் அழைத்துச் சென்றார்.

முகத்தை நீரில் அமிழ்த்திய அந்தக் கணத்தை மறக்கமாட்டேன். மான்கொம்புபோற் கிளைத்த முருகை. முட்டைக்கோசுபோல் விரிந்த முருகை. அவற்றிடையே நீலமும் மஞ்சளுமாய் நழுவும் மீன்கள். கிளிமீன் ஒன்று தன் அலகால் முருகையைச் சுரண்டும் ஓசை என் காதிலேயே கேட்டது. சற்று அப்பால், செட்டை நுனி கறுத்த சிறு சுறா ஒன்று எம்மைப் பொருட்படுத்தாது சென்றது. இருபத்தெட்டு ஆண்டுகள் நான் வரைந்த படங்கள் யாவும் எவ்வளவு வறியவை என்று நாணினேன்.

பிறகு ஓர் அலை வந்தது. மூச்சுக்குழலுக்குள் நீர் புகுந்தது. மூச்சுத் திணறிற்று. உயிர்காப்பு அங்கி என்னைத் தாழவிடாது என்பதை அறிவு அறியும், உடம்பு அறியவில்லை. கால்கள் பற்றுக்கோடு தேடின, கண்டன, எழுந்து நின்றேன்.

“சேர், கல்லுக்கு மேல நிக்காதீங்க. அதுக்கு உயிர் இருக்கு” என்றார் அந்த இளைஞர்.

கடிந்து சொல்லவில்லை. நாளுக்கு எத்தனை தடவை சொல்லிச் சலித்த வார்த்தையோ, மெதுவாகவே சொன்னார். அவர் கையைப் பற்றி மணற்பாங்கான இடத்துக்கு நகர்ந்தபின் குனிந்து பார்த்தேன். கிளைமுருகையின் நுனிகள் நாலைந்து ஒடிந்து கிடந்தன. ஒடிந்த இடம் புதிதாய் வெளுத்திருந்தது. நிமிர்ந்து பார்த்தால், என்னைப்போல் நின்றோர் ஒருவர் இருவரல்லர். தமிழர், முஸ்லிம்கள், சிங்களவர் என்ற பேதமின்றி, நீந்தத் தெரியாத நம் நாட்டவர் இடுப்பளவு நீரிலே முருகையின்மேல் நின்று சிரித்துப் படம் பிடித்துக்கொண்டிருந்தனர். அவர்களுள் எவருக்கும் தீய எண்ணமில்லை. ஆராய வேண்டிய விடயம் இதுவே.

முருகை என்பது மெல்லுடலுடைய சிற்றுயிர்களின் கூட்டம். ஒவ்வோர் உயிரும் தனக்கெனச் சுண்ணாம்புக் கிண்ணமொன்றைக் கட்டிக்கொண்டு அதனுள் வாழ்கிறது. அவ்வுயிரின் உடலினுள்ளே கண்ணுக்குத் தெரியாத அல்காக்கள் குடியிருக்கின்றன. அவை சூரியவொளியில் ஆக்கும் உணவே முருகைக்குப் பெரும்பங்கு ஆகாரம். முருகையின் நிறமும் பெரும்பாலும் அவற்றாலேயே அமைவது. கடல்நீரின் வெப்பம் வழக்கமான கோடை உச்சத்தைவிட ஒரு பாகை செல்சியசு உயர்ந்து பல வாரம் நீடிக்குமானால், முருகை அந்த அல்காக்களை வெளியேற்றிவிடுகிறது. அப்போது அது வெளிறித் தோன்றும். வெளிறியவுடன் அது இறந்துவிடுவதில்லை, பட்டினி கிடக்கிறது. வெப்பம் விரைவிற் தணிந்தால் மீளும், தணியாவிடின் மடியும்.

1998ஆம் ஆண்டில் இந்து சமுத்திரத்தில் இவ்வாறு நேர்ந்தபோது, இக்கடுவையிலும் கற்பிட்டிக் கடலிலும் இருந்த முருகைகள் பெருவாரியாக அழிந்தன. திருகோணமலைப் பக்கத்து முருகைகள் அன்று தப்பிப் பிழைத்தன. ஆனால் அத்தகைய ஆண்டுகள் இப்போது அடுக்கடுக்காய் வருகின்றன. உலகளாவிய வெளிறல் 2010இலும், பின்னர் 2014 முதல் 2017 வரையும் நிகழ்ந்தது. நான்காவது உலகளாவிய வெளிறல் தொடங்கிவிட்டதென 2024ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் விஞ்ஞானிகள் அறிவித்தனர். 2023 தொடக்கம் 2025 மார்ச்சு வரையான காலத்தில், உலக முருகைப் பரப்பிலே ஏறக்குறைய நூற்றுக்கு 84 வீதம், வெளிறச் செய்யும் அளவான வெப்பத் தாக்கத்துக்கு உள்ளாயிற்று என்பது அவர்கள் கணக்கு.

இங்கே அறிவுடையோர் சிலர் ஒரு வினாவை எழுப்புவர். ‘கடலே கொதிக்கும்போது உமது காலால் ஒடிந்த நாலு நுனிகளா பெரிது? கரியைப் புகைக்கும் பெரிய நாடுகளையன்றோ கண்டிக்க வேண்டும்?’ என்பர். வினாவின் முற்பகுதி தவறு, பிற்பகுதி சரி. பெரிய நாடுகளைக் கண்டிக்கத்தான் வேண்டும். ஆனால் காய்ச்சலிற் கிடப்பவன் எழுந்திருப்பதும் எழாமற் போவதும், காய்ச்சலுக்கு முன் அவன் உடம்பிலிருந்த வலிமையைப் பொறுத்தது. கிளைமுருகை ஆண்டுக்குப் பத்துச் சென்ரிமீற்றர் வரை வளரக்கூடும். பாறைபோற் திரண்டு வளர்வனவோ ஒரு சென்ரிமீற்றர் அளவே வளரும். நான் ஒடித்தது விரலளவு. அடுத்த கால் அதன்மேற் படாதிருப்பின் ஓராண்டில் அக்காயம் ஆறிவிடக்கூடும். அடுத்த கால் அன்று மாலையே படுகின்றது. அதற்கடுத்தது மறுநாட் காலையில். வெப்பத்தைத் தணிக்க நிலாவெளியால் இயலாது. அந்த அடுத்த காலைத் தடுக்க இயலும்.

அவ்வாறாயின் தீவைப் பூட்டிவிடலாமா? திரும்பி வருகையில் வள்ளத்திலே அந்த இளைஞரிடம் இதனைக் கேட்டேன்.

“பூட்டலாம் சேர். ஆனா பூட்டின வருசம் நாங்க எங்க போறது? திரும்பவும் வலைதான் எடுக்கணும். அங்கயும் இப்ப மீன் குறைவு” என்றார்.

அவர் சொல்லில் நியாயமுண்டு. சித்திரைக்கும் புரட்டாதிக்கும் இடைப்பட்ட சில மாதங்களே அப்பகுதியிற் கடல் அமைதியாயிருக்கும் காலம். வாடைக்காற்று எழுந்தால் வள்ளங்கள் கரையேறிவிடும். 2004ஆம் ஆண்டின் ஆழிப்பேரலை அக்கரையைச் சூறையாடிற்று. 2009 வரை யுத்தம் கடலைப் பூட்டி வைத்திருந்தது. அதன்பின்னரே பிரயாணிகளை ஏற்றிச்செல்லும் தொழில் பலருக்கு நிலையான பிழைப்பாயிற்று. முருகை அழிந்தால் முதலிற் பட்டினி கிடப்போர் அவர்கள். ஆதலால் அதனைக் காப்பதில் அவர்களைவிட உரித்துடையோர் இல்லை. அவர்களைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தி எழுதும் கட்டுரைகள் சிலவற்றைப் படித்திருக்கிறேன். எழுதியவர்கள் அந்த வள்ளங்களிற் போய் வந்தவர்கள்தாம்.

பூட்டிப் பார்த்த நாடொன்றின் அனுபவம் நமக்கு உதவும். தாய்லாந்தின் பீபீ தீவுகளிலே மாயாக் குடா என்றொரு சிறு குடாவுண்டு. 2000ஆம் ஆண்டில் வெளிவந்த ஆங்கிலத் திரைப்படமொன்றாற் புகழடைந்து, நாளொன்றுக்கு ஐயாயிரம் பேர்வரை அங்கே வந்து குவிந்தனர். முருகை சிதைந்தது. 2018ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அரசாங்கம் அதனை மூடியது. 2022 ஜனவரியிலேதான் மீண்டும் திறந்தது. இடைக்காலத்தில் முருகைக் கிளைகள் நடப்பட்டன. மறைந்துபோன சுறாக்கள் திரும்பி வந்தன. திறந்தபின்னர் செய்த ஒழுங்குகளே கவனிக்கத் தக்கவை. வள்ளங்கள் இப்போது குடாவினுள் நுழைவதில்லை. தீவின் மறுபுறத்தில் ஆட்களை இறக்குகின்றன. ஒரே வேளையில் உள்ளே இருக்கத் தக்கோர் தொகைக்கு வரையறையுண்டு. ஆண்டுதோறும் சில வாரம் குடாவுக்கு ஓய்வு கொடுக்கின்றனர். பூட்டுதல் சிகிச்சை, இந்த ஒழுங்குகளே பத்தியம். பத்தியத்தை இன்றே தொடங்கினாற் சிகிச்சை வேண்டாதிருக்கலாம்.

ஆனால் ஒழுங்கு தாளில் இருந்தாற் போதாது. நமது நாட்டிலேயே இக்கடுவை 1979இற் சரணாலயமாயிற்று. 2002இல் தேசியப் பூங்காவாயிற்று. பெயர் படிப்படியாக உயர்ந்தது. முருகையோ படிப்படியாகத் தேய்ந்தது. வெப்பம் ஒரு காரணம். கண்ணாடி அடித்தட்டு வள்ளங்களும் மிதித்த கால்களும் மறு காரணம்.

அதே இக்கடுவை எஞ்சிய முருகையின் பயனையும் நமக்குக் காட்டிற்று. 2004ஆம் ஆண்டு மார்கழி 26ஆம் நாள், அங்கு எழுந்த அலை இரண்டு மூன்று மீற்றர் உயரமே இருந்ததாகவும், கரையிலிருந்து ஏறத்தாழ ஐம்பது மீற்றருக்குள் அதன் சேதம் அடங்கியதாகவும் பின்னர் ஆராய்ந்தோர் எழுதினர். அங்கிருந்து மூன்று கிலோமீற்றர் வடக்கேயுள்ள பெரலியவில், சுண்ணாம்புக்காக முருகையை நெடுங்காலம் அகழ்ந்தெடுத்திருந்தனர். ஆங்கு அலை பத்து மீற்றர் உயர்ந்து ஒன்றரைக் கிலோமீற்றர் உள்ளே பாய்ந்தது. புகைவண்டியோடு மக்கள் மாண்ட இடம் அதுவே. கடலடியின் அமைப்பும் பிறவும் இவ்வேறுபாட்டுக்குக் காரணமாயிருத்தல் கூடும். ஆயினும் முருகைத் திட்டு கரைக்கு ஒரு மதில் என்பதை மறுப்பாரில்லை.

ஆகவே செய்யத் தக்கன யாவை? ஒரு வேளையில் நீரில் இறங்குவோர் தொகையை வரையறுத்தல் முதலாவது. நங்கூரம் முருகையில் விழாதவாறு நிலையான மிதவைகளிலே வள்ளங்களைக் கட்டுதல் இரண்டாவது. வள்ளமேறுமுன், நிலாவெளியின் ஆழமற்ற மணற்கரையிலே, ஒவ்வொருவரையும் பத்து நிமிடம் மிதக்கப் பழக்குதல் மூன்றாவது. மிதக்க இயலாதவரை முருகைக்கு மேலே அழைத்துச் செல்லலாகாது. அவர் தீவின் கரையிலிருந்து புறாக்களைப் பார்க்கட்டும். இப்பயிற்சியை அளிக்க வேண்டியோர் அந்த வள்ளக்காரரே. அதற்கென நுழைவுப் பணத்தில் ஒரு பங்கு அவர்கள் கைக்குச் செல்ல வேண்டும். ஆட்தொகை குறைவதால் வரும் நட்டத்தை ஓரளவேனும் அது ஈடுசெய்யும். நுழைவுச்சீட்டை விற்றுவிட்டுப் பாதுகாப்பை அவர்களின் தொண்டைக்கு ஒப்படைத்திருக்கும் இன்றைய நிலை முறையன்று.

நான்காவது, ஆசிரியர்களாகிய நம்முடையது. நாற்புறமும் கடல் சூழ்ந்த நாட்டிலே, நீந்தத் தெரியாத பிள்ளைகளைப் பரீட்சையிற் சித்தியடையச் செய்து அனுப்பிக்கொண்டிருக்கிறோம். முருகையின் பாகங்களைப் பெயர் குறிக்கத் தெரிந்த மாணவன் அதன்மேல் ஏறி நிற்பான். ஏனெனில் அவன் ஆசிரியரும் ஏறி நின்றார். நிலாவெளியிலும் குச்சவெளியிலும் பாடசாலைக்குச் செல்லும் பிள்ளைகளுள் எத்தனைபேர் தம் கண்ணெதிரே தெரியும் தீவின் அடியில் இருப்பதைக் கண்டிருக்கின்றனர்? ஆயிரக்கணக்கான மைல் கடந்து வருவோர் காணும் காட்சியை அவர்களும் ஒருமுறை காணட்டும். வகுப்புக்கு வகுப்பு, சிறு தொகையினராய், முதலில் மிதக்கக் கற்றுக்கொண்டு செல்லட்டும். பின்னாளில் அத்தீவுக்கு அவர்களே காவலாவர்.

மறுநாட் காலையில் உறவினர் கோணேசர் கோயிலுக்குப் புறப்பட்டனர். நான் நிலாவெளிக்கே திரும்பினேன். அதே இளைஞர், வள்ளம் புறப்பட இன்னும் நேரமிருந்ததால், இடுப்பளவு நீரில் என்னை மல்லாத்தி, முதுகின் கீழ் ஒரு கையை வைத்துத் தாங்கினார். “உடம்பை இறுக்காதீங்க சேர், விடுங்க” என்று பலமுறை சொன்னார். நாலாவதோ ஐந்தாவதோ முயற்சியில் அவர் கையை எடுத்தது எனக்குத் தெரியவில்லை. அறுபதைத் தாண்டிய வயதில் முதன்முறையாக மிதந்தேன். புறாத்தீவுக்கு அன்று நான் போகவில்லை. அடுத்த ஆடியிற் போவதாக எண்ணியிருக்கிறேன். அதற்குள் வவுனியாவிற் குளத்திலே பழகிக்கொள்ள வேண்டும்.