எங்களுக்கும் 1, 2, 3 எழுதும் உரிமை வேண்டும்

மாண்புமிகு தமிழ்நாடு முதலமைச்சர் அவர்களுக்கு,



திருச்சி மாவட்டம் மணப்பாறை நகராட்சியின் வாக்காளர்களில் ஒருவர் எழுதும் மடல் இது. 2022-இல் பதவியேற்ற நகர்ப்புற உள்ளாட்சி மன்றங்களின் ஐந்தாண்டுக் காலம் 2027 தொடக்கத்தில் முடிகிறது. அடுத்த மன்றத்துக்கு யாரை அனுப்புவது என்பதை ஊர் பார்த்துக்கொள்ளும். ஆனால் எங்கள் வாக்கை எந்த விதிப்படி எண்ணி, யாரைத் தலைவர் நாற்காலியில் உட்கார வைப்பது என்பது தங்கள் அரசின் கையில் இருக்கிறது. அந்த விதியைப் பற்றித்தான் இந்த மடல்.

எங்கள் ஊரில் நடந்ததையே முதலில் சொல்கிறேன். 2022 பிப்ரவரி 19 அன்று மணப்பாறையின் 27 வார்டுகளிலும் வாக்களித்தோம். எண்ணி முடித்தபோது திமுக கூட்டணிக்கு 11, அதிமுகவுக்கு 11, சுயேச்சைகளுக்கு 5 என்று வந்தது. ஊர் இரண்டு பக்கமும் சமமாக நின்றது. மார்ச் 4 அன்று நகர்மன்றக் கூடத்தில் மறைமுகத் தேர்தல் நடந்தது. வாக்குரிமை 27 வார்டு உறுப்பினர்களுக்கு மட்டும். அதிமுகவைச் சேர்ந்தவர் தலைவரானார். அந்த மன்றத்தின் காலம் முடிவதற்குள்ளேயே தலைவர் பதவி திமுகவுக்குக் கைமாறியது. முதலில் வந்த தலைவருக்கும் நாங்கள் வாக்களிக்கவில்லை. பிறகு வந்தவருக்கும் வாக்களிக்கவில்லை.

இதில் எந்தக் கட்சியையும் எந்த உறுப்பினரையும் குற்றம் சொல்ல நான் வரவில்லை. சட்டம் அனுமதித்தபடிதான் எல்லாம் நடந்தது. அரசியல் சாசனத்தின் பத்தாவது அட்டவணையில் உள்ள கட்சித்தாவல் தடை நாடாளுமன்ற, சட்டமன்ற உறுப்பினர்களுக்குத்தான். வார்டு உறுப்பினரை அது கட்டாது. ஆகவே யாரும் எப்போதும் எந்தப் பக்கமும் போகலாம். மணப்பாறை மாட்டுச் சந்தையில் துண்டைப் போட்டு மறைத்து, விரலைப் பிடித்து விலை பேசுவார்கள். அது விற்பவர், வாங்குபவர் இருவரின் சொந்த விஷயம். மூன்றாம் ஆளுக்கு அதில் வேலையில்லை. குடிநீருக்கும் சாக்கடைக்கும் தெருவிளக்குக்கும் பொறுப்பான ஒரு பதவி அப்படித் துண்டுக்கடியில் முடிவாகக் கூடாது.

தலைவரைத் தேர்ந்தெடுக்கும் விதி எத்தனை முறை மாறியிருக்கிறது என்பது தங்களுக்குத் தெரியாததல்ல. 1996-லும் 2001-லும் மேயரையும் நகராட்சித் தலைவரையும் மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுத்தார்கள். 2006-இல் அது மறைமுகத் தேர்தலாயிற்று. 2011-இல் மறுபடி நேரடி. 2016-இல் மறைமுகம் என்று சட்டம் வந்தது. அந்தத் தேர்தலே நடக்கவில்லை. 2018-இல் மறுபடி நேரடி என்றார்கள். 2019 நவம்பரில் ஓர் அவசரச் சட்டம் வந்து மீண்டும் மறைமுகம் ஆக்கியது. இரு கழகங்களின் ஆட்சியிலும் இது நடந்தது. ஒவ்வொரு முறையும் ஒரு காரணம் சொல்லப்பட்டது. ஒரு முறைகூட எங்களைக் கேட்கவில்லை. ஆட்டம் தொடங்குவதற்கு முன்னால் ஆடுகிறவரே விதியை எழுதிக்கொள்வது எந்த ஊரிலும் நியாயமாகாது.

எண்ணும் விதி இவ்வளவு முக்கியமா என்று கேட்பவர்களுக்காக ஒரு கணக்கு. ஒரு நகராட்சியில் தலைவர் பதவிக்கு ஐந்து பேர் நிற்கிறார்கள், 1,000 பேர் வாக்களிக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். முதலாமவருக்கு 290, இரண்டாமவருக்கு 260, மூன்றாமவருக்கு 200, நான்காமவருக்கு 150, ஐந்தாமவருக்கு 100. இப்போதுள்ள வழக்கப்படி அதிக வாக்கு வாங்கியவர் வென்றவர். 290 வாங்கியவர் தலைவர்; 710 பேர் வேறு யாரையோ கேட்டார்கள் என்பது கணக்கிலேயே வராது.

பிரான்சில் அதிபர் தேர்தல் நடப்பதுபோல, முதல் இருவரை மட்டும் நிறுத்தி மறுபடி வாக்கெடுத்தால்? மற்ற மூவரின் ஆதரவாளர்கள் 450 பேர். அவர்களில் 280 பேர் இரண்டாமவர் பக்கமும் 170 பேர் முதலாமவர் பக்கமும் போனால் இரண்டாமவர் 540, முதலாமவர் 460. தலைவர் மாறிவிட்டார்.

இன்னொரு முறையும் இருக்கிறது. வாக்காளர் தம் விருப்பத்தை 1, 2, 3 என்று வரிசையாக எழுதுவார். யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காவிட்டால் கடைசியில் இருப்பவரை நீக்கி, அவருடைய சீட்டுகளில் அடுத்த விருப்பம் யாருக்கோ அவருக்குச் சேர்ப்பார்கள். ஐந்தாமவரின் 100 சீட்டில் 60 மூன்றாமவருக்கும் 40 இரண்டாமவருக்கும் போகிறது. அடுத்து நான்காமவரின் 150 சீட்டில் 80 மூன்றாமவருக்கு, 50 இரண்டாமவருக்கு, 20 முதலாமவருக்கு. இப்போது முதலாமவர் 310, இரண்டாமவர் 350, மூன்றாமவர் 340. முதல் சுற்றில் முன்னால் நின்றவர் இப்போது கடைசி. அவர் சீட்டுகளில் 190 மூன்றாமவருக்கும் 120 இரண்டாமவருக்கும் சேர்ந்தால் மூன்றாமவர் 530, இரண்டாமவர் 470. மூன்றாமவர் தலைவர். அதே ஊர், அதே 1,000 பேர், அதே விருப்பம். விதி மூன்று, தலைவரும் மூன்று பேர்.

இது காகிதக் கணக்கு மட்டுமல்ல. 2014 மக்களவைத் தேர்தலில் தமிழ்நாட்டில் அதிமுக சுமார் 44 சதவீத வாக்கு வாங்கி 39-இல் 37 தொகுதிகளை வென்றது. கிட்டத்தட்ட 24 சதவீதம் வாங்கிய திமுகவுக்கு ஓரிடமும் இல்லை. 2024-இல் சக்கரம் திரும்பியது. திமுக கூட்டணி சுமார் 47 சதவீத வாக்கில் 39 தொகுதிகளையும் அள்ளியது. அதிமுகவின் சுமார் 20 சதவீதம், பாஜகவின் 11 சதவீதம், நாம் தமிழர் கட்சியின் 8 சதவீதம், மூன்றையும் சேர்த்தால் பத்து வாக்கில் நான்கு. கிடைத்த இடம் பூஜ்யம். யாருக்குப் பிடித்த கட்சி எதுவானாலும், இந்த விதி இன்று ஒருவருக்கு லாபம், நாளை அவருக்கே நட்டம்.

பக்கத்தில் இலங்கையைப் பாருங்கள். 1977-இல் அங்கும் நம்முடையதைப் போன்ற தொகுதி முறைதான். ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சி 30 சதவீதத்தை நெருங்கி வாக்கு வாங்கியும் 168-இல் 8 இடம்தான் பிடித்தது. 7 சதவீதத்துக்கும் குறைவாக வாங்கிய தமிழர் விடுதலைக் கூட்டணி, தன் வாக்குகள் வடக்கிலும் கிழக்கிலும் திரண்டிருந்ததால் 18 இடம் பெற்றது; அக்கட்சியின் அமிர்தலிங்கம் எதிர்க்கட்சித் தலைவரானார். மறு ஆண்டே வந்த புதிய அரசியலமைப்பு விகிதாசார முறைக்கு மாறியது. நாட்டின் அதிபரைத் தேர்ந்தெடுக்க மூன்று விருப்பங்கள் வரை எழுதும் முறையும் வந்தது. 2024 செப்டம்பரில் அந்த விதிக்கு முதன்முறையாக வேலை வந்தது. அநுர குமார திசாநாயக்கவுக்கு முதல் எண்ணிக்கையில் 42 சதவீதம்தான், பாதியைத் தொடவில்லை. இரண்டாவது விருப்பங்களை எண்ணிய பிறகே அவர் வென்றதாக அறிவித்தார்கள்.

மக்களவைக்கும் சட்டமன்றத்துக்குமான விதியை மாற்றுவது நாடாளுமன்றத்தின் வேலை. அதைத் தங்களிடம் கேட்கவில்லை. நகராட்சியின் கதை வேறு. வார்டு உறுப்பினர்களை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று அரசியல் சாசனத்தின் 243-ஆர் பிரிவு சொல்கிறது. தலைவரை எப்படித் தேர்ந்தெடுப்பது என்பதை அதே பிரிவு மாநிலச் சட்டமன்றத்திடம் விட்டுவிட்டது. ஆக, டெல்லியைக் கேட்க வேண்டியதில்லை. கோட்டையில் ஒரு சட்டத் திருத்தம் போதும்.

நேரடித் தேர்தல் மட்டும் போதுமா என்றால், போதாது. ஐந்து முனை, ஆறு முனைப் போட்டியில் நேரடித் தேர்தலும் 29 சதவீதத் தலைவரைத்தான் தரும். மன்றத்தில் பெரும்பான்மை வேறு கட்சிக்குப் போனால், "உனக்கு நூற்றுக்கு எழுபது பேர் எதிர்ப்பு" என்று முதல் கூட்டத்திலேயே குரல் எழும். மறைமுகத் தேர்தலுக்கு ஆதரவாகச் சொல்லப்படும் முக்கியமான வாதமே தலைவரும் மன்றமும் மோதிக்கொள்வார்கள் என்பதுதான். அந்த அச்சம் பொய்யில்லை. அதனால்தான் விருப்ப வரிசை வேண்டும் என்கிறேன். வெல்ல நினைப்பவர் அடுத்த வேட்பாளரின் ஆதரவாளரிடமும் போய், "உங்கள் இரண்டாவது விருப்பத்தையாவது எனக்குத் தாருங்கள்" என்று கேட்டாக வேண்டும். அப்படிக் கேட்டு வந்தவர் மன்றத்தில் எதிர் வரிசையில் இருப்பவரோடு பேசத் தெரிந்தவராக இருப்பார். மறுவாக்கெடுப்பு முறையைப்போல இன்னொரு நாள், இன்னொரு செலவு, இன்னொரு விடுமுறை தேவையில்லை. ஒரே நாளில், ஒரே சீட்டில் முடிகிறது.

விருப்ப வரிசை நம் மக்களுக்குப் புரியாது என்று அதிகாரிகள் தங்களிடம் சொல்லக்கூடும். மணப்பாறை சட்டமன்றத் தொகுதி கரூர் மக்களவைத் தொகுதியில் அடங்கியது. 2024-இல் கரூரில் 54 வேட்பாளர்கள். நோட்டாவையும் சேர்த்து 55 பொத்தான்கள். நான்கு இயந்திரங்கள் வரிசையாக வைக்கப்பட்டிருந்தன. அத்தனைக்கும் நடுவில் தமக்கு வேண்டிய சின்னத்தைத் தேடிப் பிடித்து அழுத்தினார்கள் எங்கள் ஊர்ப் பாட்டிகள். சுற்றியுள்ள கிராமங்களில் 2019 டிசம்பரில் ஒரே நாளில் நான்கு நிறச் சீட்டு கொடுத்தார்கள். வார்டு உறுப்பினருக்கு வெள்ளை, ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றியத்துக்குப் பச்சை, மாவட்டத்துக்கு மஞ்சள். நான்கிலும் முத்திரை குத்தி மடித்துப் போட்டவர்களுக்கு மூன்று எண்கள் எழுதத் தெரியாதா? ஒரே ஒரு விருப்பத்தை எழுதினாலும் சீட்டு செல்லும் என்று விதியில் சேர்த்துவிட்டால் போதும். இலங்கையில் அப்படித்தான் இருக்கிறது.

இன்னொன்றையும் தாங்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். நாங்கள் அனுப்பிய சட்டமன்ற உறுப்பினர் மாநிலங்களவைத் தேர்தலில் ஊதா மைப் பேனாவால் வேட்பாளர் பெயர்களுக்கு எதிரே 1, 2, 3 என்று எழுதுகிறார். குடியரசுத் தலைவர் தேர்தலிலும் அப்படியே. 1969-இல் முதல் விருப்ப வாக்கில் யாருக்கும் பெரும்பான்மை இல்லாமல், இரண்டாவது விருப்பங்களை எண்ணித்தான் வி.வி. கிரி குடியரசுத் தலைவரானார். நாட்டின் முதல் குடிமகனைத் தேர்ந்தெடுக்க ஏற்ற முறை, மணப்பாறையின் தலைவரைத் தேர்ந்தெடுக்க ஏற்காதா? பிரதிநிதிக்கு இருக்கும் உரிமை, அவரை அனுப்பிய எங்களுக்கு ஏன் இல்லை?

நேரடித் தேர்தலில் செலவு கூடும், பணம் விளையாடும் என்பார்கள். பணம் இப்போதும் எல்லாத் தேர்தலையும் மிரட்டிக்கொண்டுதான் இருக்கிறது. ஆனால் 27 பேரின் மனத்தை மாற்றுவதைவிட ஓர் ஊரின் மனத்தை மாற்றுவது கடினம். கிராம ஊராட்சித் தலைவரை இன்றும் மக்கள்தான் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். நகராட்சி எல்லைக்கு வெளியே இருப்பவருக்கு உள்ள அந்த உரிமை, எல்லைக்குள் குடியிருக்கும் எனக்கு இல்லை. உத்தரப் பிரதேசமும் பீகாரும் மேயரை நேரடியாகத் தேர்ந்தெடுக்கின்றன. உள்ளாட்சிக்குப் பேர்போன தமிழ்நாடு பின்தங்கியிருக்கலாமா?

ஆகவே தங்களிடம் மூன்று கோரிக்கைகள்.

முதலாவது, மேயர், நகராட்சித் தலைவர், பேரூராட்சித் தலைவர் பதவிகளுக்கு மக்களே நேரடியாக வாக்களிக்கச் சட்டம் கொண்டு வாருங்கள். பெண்களுக்கும் பட்டியல் இனத்தவருக்கும் உள்ள இட ஒதுக்கீடு அப்படியே தொடரட்டும்.

இரண்டாவது, அந்தத் தேர்தலில் விருப்ப வரிசை முறையைக் கொண்டு வாருங்கள். எண்ணிக்கையில் மீதமுள்ள சீட்டுகளில் பாதிக்கு மேல் பெறாமல் யாரும் தலைவராகக் கூடாது. தலைவருக்கான வாக்கைக் காகிதச் சீட்டில் வாங்குங்கள். எல்லா இடத்திலும் உடனே முடியாவிட்டால் சில நகராட்சிகளில் தொடங்குங்கள். மணப்பாறையைத் தேர்ந்தெடுத்தால் நாங்கள் தயார். மாநிலத் தேர்தல் ஆணையம் வார்டு வார்டாக மாதிரி வாக்கெடுப்பு நடத்திக் காட்டட்டும்.

மூன்றாவது, இந்த விதியைத் தேர்தல் நெருங்கும் நேரத்தில் அவசரச் சட்டத்தால் மாற்றும் வழக்கத்துக்கு முடிவு கட்டுங்கள். எல்லாக் கட்சிகளையும் கூட்டிப் பேசுங்கள். தேர்தலுக்கு ஓராண்டுக்குள் எந்த மாற்றமும் இல்லை, மாற்றுவதானால் பேரவையில் விவாதித்த பிறகே என்று எல்லோரும் கையெழுத்திடட்டும். தங்களுக்குப் பின் வருபவரும் மீறத் தயங்கும் மரபாக அது நிற்கும்.

இதனால் அடுத்த தேர்தலில் தங்கள் கட்சிக்குச் சில ஊர்கள் கிடைக்காமல் போகலாம். இன்னும் சில ஊர்கள் கூடக் கிடைக்கலாம். எதிர்க்கட்சிக்கும் அப்படியே. லாப நட்டம் பார்த்து விதி எழுதியவர்களை 30 ஆண்டுகளாகப் பார்த்துவிட்டோம். லாப நட்டம் பாராமல் விதி எழுதிய முதலமைச்சர் என்று தங்கள் பெயரை எங்கள் ஊர் சொல்ல வேண்டும். அடுத்த நகர்மன்றத் தேர்தல் அறிவிப்பு வருவதற்குள் அந்தத் திருத்தத்தைப் பேரவையில் வையுங்கள்.

இப்படிக்கு,
மணப்பாறை நகராட்சி வாக்காளர் ஒருவர்